விறகின் விலையும் விறகின் உரிமையும்: மலையகத் தேயிலைத் தோட்டங்களின் எரிமர வரலாறு பற்றிச் சில குறிப்புகள்

1

இலங்கைப் பெருந்தோட்டப் பொருளாதாரம் பற்றி இதுகாறும் வெளிவந்த ஆய்வுகளுட் பெரும்பாலானவை இரண்டு விலைகளையே மையமாகக் கொண்டுள்ளன. ஒன்று தேயிலையின் விலை. மற்றையது உழைப்புச் சக்தியின் விலையாகிய கூலி. இவ்விரண்டுக்கும் நடுவே மூன்றாவது விலையொன்றும் உண்டு. அது தோட்டக் கணக்கேட்டில் ஒரு வரியாக மட்டும் இடம்பெற்று, வரலாற்றாசிரியரின் கண்ணிற் படாமலே போயிற்று. விறகின் விலையையே நாம் குறிப்பிடுகின்றோம்.

விறகு தேயிலைக்குப் புறம்பான பொருளன்று. ஒரு கிலோ தேயிலைத்தூள் பெறுவதற்கு ஏறத்தாழ நாலரைக் கிலோ பச்சைக் கொழுந்து வேண்டும். எஞ்சிய மூன்றரைக் கிலோவும் நீர். அந்நீரை அகற்றுவதே தேயிலை ஸ்டோரில் நடைபெறும் வேலையின் பெரும்பகுதி. வாட்டுதல் ஓரளவு காற்றினால் நடைபெறலாம். ஆயினும் மழைக்காலத்தில் அதற்கும் சூடான காற்று வேண்டும். இறுதிக் காய்ச்சலுக்கோ நெருப்பின்றி வழியில்லை. உருட்டும் பொறிகளை ஆற்றுநீரும் மின்சாரமும் இயக்கின. வெப்பத்தைத் தந்தது பெரும்பாலும் மரமே.

தமிழிலக்கியப் பயிற்சியுடையார்க்கு விறகு விற்பனை புதிய செய்தியன்று. பரஞ்சோதி முனிவரின் திருவிளையாடற் புராணத்து விறகு விற்ற படலத்தில் இறைவனே விறகாளாக மதுரைத் தெருவில் வருகிறான். அங்கே விறகைச் சுமப்பவனே அதனை விற்பவனுமாவான். மலையகத்திலோ விறகைச் சுமப்பவள் அதனை விற்பவளல்லள். அதற்கு விலை கூறும் உரிமை அவளுக்கு ஒருபோதும் இருந்ததில்லை. இவ்வேறுபாட்டின் பொருளியல் அடிப்படை யாது என்பதே இக்கட்டுரையின் வினா. மலையகத்தில் மரத்துக்கு இரண்டு வாழ்வுகள் உண்டு. ஸ்டோரின் அடுப்பில் அது விலையுள்ள பண்டம். லயத்தின் அடுப்பில் அது விலையற்ற பயன்பொருள். இவ்விரண்டுக்கும் இடையிலான எல்லைக்கோடு காலந்தோறும் நகர்ந்து வந்துள்ளது. அந்நகர்வின் வரலாறே விறகு விலையின் வரலாறு என்பது எமது கருத்து.

2

மலையகக் காடுகள் அழிந்தமைக்குத் தேயிலையே காரணம் எனப் பொதுவாகக் கூறப்படுவதுண்டு. இது முழு உண்மையன்று. காட்டை முதலில் அழித்தது கோப்பி. 1824இல் ஜோர்ஜ் பேர்ட் கம்பளைக்கு அண்மையிலுள்ள சின்னப்பிட்டியவில் தோட்டமிட்டதைத் தொடர்ந்து, 1840ஆம் ஆண்டின் 12ஆம் இலக்க முடிக்குரிய காணிச் சட்டம் உறுதிப்பத்திரம் காட்டவியலாத காடுகளையும் சேனைகளையும் அரசின் உடைமையாகக் கொள்ள வழிவகுத்தது. அரசு அவற்றைத் தோட்டக்காரருக்கு விற்றது. 1870களின் இறுதியில் கோப்பி நிலம் ஏறத்தாழ 275,000 ஏக்கராகப் பரந்திருந்தது.

இக்கட்டத்திலே மரத்துக்கு விலையே இருக்கவில்லை என்பது மனங்கொளத்தக்கது. வெட்டி வீழ்த்திய மரங்கள் கிடந்த இடத்திலேயே எரிக்கப்பட்டன. புகையிரதம் 1867இல் கண்டியையும் 1874இல் நாவலப்பிட்டியையும் 1884இல் அட்டனையும் 1885இல் நானுஓயாவையும் அடைந்தது. அதற்கு முன்னர் மலையுச்சியிலுள்ள மரத்தைச் சந்தைக்குக் கொணரும் செலவு மரத்தின் மதிப்பை விஞ்சியது. கோப்பிக்கோ நெருப்புத் தேவைப்படவில்லை. கொட்டையை வெயிலிற் காயவைத்துக் கொழும்புக்கு அனுப்பினால் எஞ்சிய பக்குவம் அங்கே நடைபெறும். எனவே கோப்பி முதலாளிக்கு மரம் நிலத்தை மறைத்து நின்ற தடை மட்டுமே.

1869இல் மடுல்சீமையில் முதன்முதற் காணப்பட்ட இலைத்துரு நோய் கோப்பியை வீழ்த்தியது. 1867இல் ஜேம்ஸ் டெய்லர் லூல்கந்துரைத் தோட்டத்தில் 19 ஏக்கரில் இட்ட தேயிலை அவ்விடத்தைப் பிடித்தது. 1875இல் ஏறத்தாழ 1,000 ஏக்கராக இருந்த தேயிலை, நூற்றாண்டு முடியுமுன் 300,000 ஏக்கரைக் கடந்தது. ஒரு பயிரின் இடத்தை மற்றொன்று பெற்றது என்று மட்டும் இதனைக் கொள்ளுதல் போதாது. கொழுந்து பறித்த மறுநாளே, தோட்டத்திலேயே, ஆண்டு முழுவதும் நெருப்பு எரிய வேண்டும் என்ற புதிய நியதியும் உடன் வந்தது. டெய்லர் தம் பங்களா விறாந்தையிற் களிமண் அடுப்புகளில் கரிநெருப்பிட்டே தேயிலையைக் காய்ச்சினார். கரி சுடுவதற்குக் கரியின் எடையைப் போலப் பன்மடங்கு மரம் வேண்டும். அசாமின் கச்சார்ப் பகுதியில் தேயிலைத் தோட்டத்தில் இருந்த சாமுவேல் டேவிட்சன், பின்னர் பெல்பாஸ்ட் நகரிலிருந்து விற்ற ‘சிறொக்கோ’ உலர்த்திகள் கரியின் தேவையை ஒழித்தன. விறகை நேரே எரித்துச் சூடாக்கிய காற்றைக் கொழுந்தினூடே செலுத்தின.

இதிலுள்ள முரண்பாடு வெளிப்படையானது. நெருப்பு வேண்டாத பயிருக்காகக் காடு எரிக்கப்பட்டது. நெருப்பு வேண்டும் பயிர் வந்தபோது காடு இல்லை. மலையகத்தில் மரத்துக்கு விலை பிறந்தது இப்பற்றாக்குறையிலிருந்தே.

3

விலை பிறக்குமிடத்திற் சட்டமும் பிறக்கின்றது. 1873இல் கியூ தாவரவியற் பூங்காவின் பணிப்பாளர் ஜோசப் ஹூக்கரின் ஆலோசனையின் பேரில் 5,000 அடிக்கு மேற்பட்ட முடிக்குரிய காடுகளை விற்பது நிறுத்தப்பட்டது. 1882இல் வின்சென்ற் என்பார் இலங்கைக் காடுகளின் நிலை பற்றி அறிக்கையிட்டார். 1885இல் காட்டுச் சட்டம் இயற்றப்பட்டது. நீரூற்றுகளையும் மண்ணையும் காத்தல் என்ற வகையில் இவற்றின் பயனை மறுப்பதற்கில்லை. ஆயினும் இரண்டு இலட்சம் ஏக்கருக்கு மேல் அழித்தோர் எவரும் இச்சட்டத்தின்கீழ்க் குற்றவாளியாகவில்லை. குற்றவாளியாகும் நிலைக்கு ஆளானவர் ஒரு கட்டு விறகுக்குச் சென்றவரே.

இவ்விடத்தில் 1842ஆம் ஆண்டின் இறுதியில் இளைஞராயிருந்த கார்ல் மார்க்ஸ் ‘றைனிஷ் சைற்றுங்’ இதழில் எழுதிய விறகுத் திருட்டுச் சட்டம் பற்றிய கட்டுரைகளை நினைவுகூர்தல் பொருத்தமாகும். உதிர்ந்து கிடக்கும் காய்ந்த கொம்பைப் பொறுக்குவதையும் மரத்தை வெட்டிக் கடத்துவதையும் ஒன்றாகவே திருட்டெனக் கொள்ள ரைன் மாகாண அவை முற்பட்டது. பொறுக்குதல் ஏழைகளின் வழக்காற்றுரிமை என்பதையும், அபராதத்தையும் காட்டுடைமையாளருக்கே வழங்குவதால் அரசு தனியுடைமையின் ஏவலாளாகிவிடுகின்றது என்பதையும் மார்க்ஸ் எடுத்துக்காட்டினார். பொருளியற் பிரச்சினைகளை நோக்கித் தம்மை முதலில் உந்தியவற்றுள் இவ்விவாதமும் ஒன்றென 1859இல் அவரே குறிப்பிடுகின்றார். ஆக, அரசியற் பொருளாதார விமர்சனத்தின் தோற்றுவாயிலேயே ஒரு விறகுக்கட்டு கிடக்கின்றது எனலாம்.

ரைன் நாட்டு உழவனுக்கும் மலையகத் தொழிலாளிக்கும் வேறுபாடு ஒன்றுண்டு. உழவனுக்கு வழக்காறு என்றொரு பிடிமானம் இருந்தது. தலைமுறைகளாகத் தன் ஊர்க் காட்டில் விறகெடுத்தவன் அவன். தென்னிந்தியாவிலிருந்து கொணரப்பட்ட தொழிலாளிக்கு இம்மலைகளில் அத்தகைய பழைய உரிமை எதுவுமில்லை. அவ்வுரிமையை உடையவராயிருந்த கண்டிச் சிங்கள விவசாயியோ 1840ஆம் ஆண்டுச் சட்டத்தினால் அதனை இழந்தார். ஒரே காட்டின் வாயிலில் இருவரும் தடுக்கப்பட்டனர். தடுத்தவர் யார் என்ற வினா மறக்கப்பட்டு, தடுக்கப்பட்ட இருவருக்குமிடையிலான பூசலாக அது பிற்காலத்தில் மாற்றப்பட்டமை எமது வரலாற்றின் துயரங்களுள் ஒன்று.

4

உள்நாட்டு மரம் போதாதபோது தேயிலை பிறநாட்டு மரத்தையும் நாடியது. தேயிலைப் பெட்டி இதற்குத் தக்க சான்று. ‘மோமி’ எனப்படும் யப்பானிய மரத்தாலான பெட்டிப் பலகைகள் பல காலம் இறக்குமதியாயின. பின்னர், இன்றைய தாலின் நகரிலே லூதர் குடும்பத்தாரின் ஆலை உற்பத்தி செய்த ஒட்டுப்பலகை ‘வெனெஸ்ரா’ என்ற பெயரில் இலண்டன் வழியாக இங்கு வந்தது. தலவாக்கலைத் தேயிலை பால்டிக் கடலோர மரத்துள் அடைக்கப்பட்டு இங்கிலாந்து சென்ற கதை ஏகாதிபத்திய வணிகத்தின் இயல்பை நன்கு காட்டும்.

இரண்டாம் உலகப் போர் கப்பல் வழிகளை அடைத்தது. அக்காலத்திலேயே காலிக்கு அண்மையிலுள்ள கிந்தோட்டையில் அரசாங்க ஒட்டுப்பலகைத் தொழிற்சாலை எழுந்தது. அதன் வளர்ச்சிக்குத் தாழ்நாட்டு ஈரவலயக் காடுகள் தேவைப்பட்டன. 1970களின் தொடக்கத்தில் கொஸ்கமவில் அமைந்த ஒட்டுப்பலகை ஆலைக்காகச் சிங்கராஜக் காட்டில் இயந்திரங்களாலான மரவெட்டல் தொடங்கியது; மக்கள் எதிர்ப்பின் விளைவாக 1977இல் அது நிறுத்தப்பட்டது. பின்னர் பல அடுக்குக் காகிதப் பைகள் பெட்டியின் இடத்தைப் பிடித்தன. பெட்டிக்கு மாற்று கிடைத்தது. அடுப்புக்கு அவ்வாறு எளிதில் மாற்றுக் கிடைக்கவில்லை.

5

தோட்டங்கள் தம் அடுப்புக்கு மூன்று வழிகளைக் கையாண்டன. முதலாவது, தோட்ட எல்லையிலும் பயிரிட முடியாத சரிவுகளிலும் யூகலிப்டஸ் முதலிய விரைந்து வளரும் மரங்களை நடுதல். தேயிலைக்கு நிழலாக நட்ட சவுக்கு மரமும் இறுதியில் அடுப்புக்கே சென்றது. இரண்டாவது, எண்ணெய்க்கு மாறுதல். உலகச் சந்தையில் எண்ணெய் மலிந்திருந்த ஐம்பதுகளிலும் அறுபதுகளிலும் பல ஸ்டோர்கள் உலை எண்ணெயில் இயங்கலாயின. மூன்றாவது, தாழ்நாட்டு இறப்பர் மரத்தை மேலே கொணர்தல். இறப்பர் மரம் முப்பதாண்டளவிற் பால் வற்றி வெட்டப்படுவது. 1953இல் தொடங்கிய மறுநடுகை மானியத் திட்டத்தின்கீழ்க் களுத்துறை, கேகாலை, இரத்தினபுரி மாவட்டங்களின் முதிர்ந்த மரங்கள் பெருந்தொகையாக வீழ்ந்தன.

1973ஆம் ஆண்டின் இறுதியில் எண்ணெய் விலை பீப்பாய் ஒன்றுக்கு ஏறத்தாழ 3 டொலரிலிருந்து 12 டொலரை நெருங்கியது. 1979இல் மீண்டும் பாய்ந்தது. ஸ்டோர்கள் விறகுக்குத் திரும்பின. இவ்வாண்டுகளிலேயே 1972ஆம், 1975ஆம் ஆண்டுகளின் நிலச்சீர்திருத்தச் சட்டங்களால் தோட்டங்கள் அரசுடைமையாயின. மலையக மக்கள் பசியால் மடிந்ததும் இக்காலத்திலேயே. தோட்டத்தின் உடைமையாளர் மாறியபோதிலும் விறகின் நியதி மாறவில்லை.

அந்நியதி யாது? விறகின் விலை நான்கு கூறுகளால் ஆயது: நிற்கும் மரத்தின் விலை, வெட்டுக்கூலி, பிளந்து அடுக்கும் கூலி, ஏற்றுச் செலவு. விறகு கனத்தது, மலிவானது. எனவே தூரம் கூடுந்தோறும் ஏற்றுச் செலவே விலையை ஆளும். இறப்பர் விறகு தாழ்நாட்டிலிருந்து கினிகத்தேனை வழியாக அட்டனுக்கு லொறியில் ஏறி வரவேண்டும். டீசல் விலை உயரும்போது விறகுக்குப் போட்டியான எண்ணெய் விலையுயர்ந்து விறகின் தேவை பெருகுகின்றது. அதேவேளை விறகை ஏற்றும் செலவும் உயர்கின்றது. ஒரே காரணம் இருபுறமும் நின்று விலையைத் தள்ளுகின்றது. எண்ணெயிலிருந்து தப்புவதற்கு விறகை நாடிய தோட்டம், விறகின் வழியாக மீண்டும் எண்ணெய்ச் சந்தைக்குள்ளேயே அகப்பட்டது.

இச்செலவைத் தேயிலை விலையில் ஏற்றவும் தோட்டத்தால் முடிவதில்லை. 1883இல் தொடங்கிய கொழும்பு ஏலத்தில் விலையைத் தீர்மானிப்பவர் கொள்வோரே. ஆகவே விறகின் விலையேற்றம் உள்நோக்கியே திரும்புகின்றது. அது தங்கக்கூடிய இடம் இரண்டே: ஒன்று இலாபம், மற்றையது கூலி. எது முதலிற் குறைக்கப்படும் என்பதை மலையக மக்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை.

6

அண்மைக்கால மாற்றம் மரச்சில்லு. மரத்தையும் கிளையையும் பொறியிலிட்டுச் சிறு துண்டுகளாக நறுக்கிய எரிபொருளையே இவ்வாறு குறிப்பிடுகின்றோம். 2000ஆம் ஆண்டுகளில் எண்ணெய் விலை ஏறி, 2008 ஜூலையில் பீப்பாய் 147 டொலரைத் தொட்டபோது, தாழ்நாட்டுத் தொழிற்சாலைகள் பல தம் கொதிகலன்களை மரத்துக்கு மாற்றின. 2005இல் கிளிரிசீடியா நான்காவது பெருந்தோட்டப் பயிராக அரசினால் ஏற்கப்பட்டது. வேலி மரமும் பசளை மரமுமாக நின்றது எரிபொருட் சந்தையில் இடம்பெற்றது. திருகோணமலையில் சீமெந்து நிறுவனமொன்று 10 மெகாவாற் மின்னிலையத்தை இத்தகைய எரிபொருளாலேயே இயக்கலாயிற்று. ஆயினும் கிளிரிசீடியா நுவரெலியாவின் குளிரில் நன்கு வளர்வதில்லை. எனவே மலையக ஸ்டோர், தாழ்நாட்டுக் கொதிகலனோடு அதே விறகுக்குப் போட்டியிட வேண்டியதாயிற்று. பலகை, தளபாடத் தொழில்களும் இறப்பர் மரத்தை நாடியமையாற் போட்டி மேலும் கடுமையாயிற்று.

சில்லு விறகின் வடிவத்தை மட்டும் மாற்றவில்லை, அளவையையும் மாற்றுகின்றது. விறகு அடுக்கிக் கன அளவாற் கணிக்கப்பட்ட பொருள். அடுக்கில் இடைவெளி கூடினால் வாங்குபவருக்கு நட்டம். சில்லு எடையால் விற்கப்படும். பச்சை மரத்தின் எடையில் ஏறத்தாழப் பாதி நீர். ஆகவே ஒரு தொன் ஈரச் சில்லு வாங்குபவர் பெரும்பங்கு நீரையே வாங்குகின்றார். ஈரத்துக்குக் கழிவு கோருகின்றார். உலரவைத்து விற்க இடமும் காலமும் கைப்பணமும் வேண்டும். இவை வணிகரிடம் உண்டு. வேலி மரத்தைக் கழித்து விற்கும் சிறு விவசாயியிடம் இல்லை. விலை உயர்ந்தபோதும் அதன் பயன் மரம் வளர்த்தவரை முழுமையாக அடையாமைக்கு இதுவே காரணம். ஈரம் இயற்கையின் பண்பு. ஈரத்தின் நட்டம் யார்மேல் விழும் என்பது வர்க்க உறவின் பண்பு.

இன்னொரு மாற்றமும் கவனிக்கற்பாலது. 1992இல் தோட்டங்களின் முகாமை மீண்டும் தனியார் கம்பனிகளிடம் சென்றது. 2012இல் நடைமுறைக்கு வந்த புதிய கணக்கியல் நியமங்களின்படி, மலையில் நிற்கும் வெட்டுமரம் ஆண்டுதோறும் சந்தை மதிப்பில் மதிப்பிடப்படுகின்றது. மரத்தின் மதிப்பு ஏறினால், அது வெட்டப்படாமல் விற்கப்படாமல் நிற்கும்போதே, ஏற்றம் கம்பனியின் இலாபக் கணக்கிற் சேர்கின்றது. 1840களில் தடையாயிருந்த மரம், 1880களில் எரிபொருளாகி, இன்று நின்ற நிலையிலேயே மூலதனமாகிவிட்டது.

7

இனி மரத்தின் மற்றைய வாழ்வுக்கு வருவோம். மாலையில் கொழுந்து நிறுத்துவிட்டு லயம் திரும்பும் பெண்ணின் தலையிலே ஒரு விறகுக்கட்டு இருக்கும். அட்டன், தலவாக்கலை வழியே பயணம் செய்தோர் அனைவரும் இக்காட்சியைக் கண்டிருப்பர். எட்டு மணி நேர வேலை முடிந்த பின்னர் தொடங்கும் இவ்வேலைக்குப் பேர் விழுவதில்லை. செக்ரோலில் அதற்கு இடமில்லை.

தொழிலாளர் வழக்கிலுள்ள சொற்கள் இவ்வேலையின் நுட்பங்களைப் பேணி வைத்துள்ளன. தேயிலைச் செடியைக் கத்தரிப்பது கவ்வாத்து. கவ்வாத்து வெட்டிய மலையிற் கிடைக்கும் கொம்புகள் மிலாறு. மூன்று முதல் ஐந்து ஆண்டுகளுக்கு ஒருமுறையே ஒரு மலை கவ்வாத்துக்கு வரும். அவ்வேளை மிலாறு பொறுக்குதல் ஒரு சிறு அறுவடை போன்றது. மண்வளங் கருதி மிலாறை மலையிலேயே விடவேண்டும் என்பது பயிராய்வாளர் கொள்கை. அது தவறன்று. ஆனால் மண்ணுக்கு உணவு வேண்டும் என்று கூறுவோர், சோறு எதனால் வேகும் என்பதற்கும் விடை கூறக் கடமைப்பட்டவர். சி. வி. வேலுப்பிள்ளை போன்றோர் மலைநாட்டு வாய்மொழிப் பாடல்களைத் தொகுத்துத் தந்தனர். அதுபோல் இத்தொழிற் சொற்களையும் தொகுப்பது இலக்கிய மாணவரின் பணியாகும். விலைப்பட்டியல் காட்டாத வரலாற்றை அவை காட்டும்.

இவ்வூதியமற்ற உழைப்பு மூலதனத்துக்கு ஆற்றும் பணியை ஒரு கணக்கால் விளக்கலாம். 2021இல் தோட்டத் தொழிலாளரின் நாட்சம்பளம், நெடிய போராட்டத்தின் பின், 1,000 ரூபாவாயிற்று. அப்போது மண்ணெண்ணெய் லீற்றர் 87 ரூபாவுக்குக் கிடைத்தது. 2022 ஓகஸ்டில் அது 340 ரூபாவாக உயர்த்தப்பட்டது. ஒரு நாட் கூலியின் மூன்றிலொரு பங்கு. அவ்வாண்டு ஏப்ரலில் பன்னிரண்டரைக் கிலோ சமையல் எரிவாயு 4,860 ரூபா. ஏறத்தாழ ஐந்து நாட் கூலி. 2021 டிசெம்பரில் 121 ரூபாவாக இருந்த டீசல் 2022 ஜூனில் 460 ரூபாவானது. தொழிலாளி தன் அடுப்பின் எரிபொருளைச் சந்தையில் வாங்கியிருப்பாராயின் அக்கூலி உயிர்வாழப் போதியிராது. போதியதாகக் காட்டியது பெண்ணின் தலைச்சுமையே. கூலியின் ஒரு பகுதியைத் தொழிலாளர் குடும்பம் தானே தனக்குச் செலுத்திக்கொள்கின்றது. அதனைக் கொடுக்காத மிச்சம் தோட்டத்துக்குச் சேர்கின்றது.

விலையேற்றம் இம்மக்களை இருவழியில் தாக்குகின்றது என்பதை இங்கே அழுத்திக் கூறவேண்டும். மண்ணெண்ணெயும் எரிவாயுவும் எட்டாதபோது அவர்கள் மேலும் விறகை நாட வேண்டும். அதே காரணத்தால் விறகின் சந்தை விலையும் ஏறுகின்றது. நேற்றுவரை எவரும் பொருட்படுத்தாத காய்ந்த கிளைக்கும் இன்று வாங்குவோர் உளர். சில்லாக்கும் பொறி தடித்த மரத்தையும் மெல்லிய கொம்பையும் வேறுபடுத்துவதில்லை, யாவற்றையும் எடையாக்கிவிடுகின்றது. பொறுக்குதல் சலுகையாக இருந்த இடத்தில், கிளைக்கும் விலை வந்தபின், அது களவென்று பெயர்பெறும் வாய்ப்பு மிகுகின்றது. 1842இல் ரைன் நதிக்கரையில் எழுந்த வினா இவ்வாறு எம் மலைகளிலும் எழுகின்றது.

அதனைத் தாங்குவதற்கு வேண்டிய நிலமும் இம்மக்களிடம் இல்லை. 1948ஆம் ஆண்டின் குடியுரிமைச் சட்டம் அவர்களை நாடற்றவராக்கியது. 2003ஆம் ஆண்டின் சட்டம்வரை நீண்ட போராட்டத்தின் பின்னரே எஞ்சியோர்க்கும் குடியுரிமை கிடைத்தது. குடியுரிமை வந்தது, காணி வரவில்லை. ஒரு மரம் நட்டு அதனைத் தன் மரம் என்று கூற ஒரு சாண் நிலமில்லாதவர், காலமெல்லாம் பிறர் மரத்தின் கீழே குனிந்து பொறுக்குபவராகவே இருக்க நேர்கின்றது. பத்துக்குப் பன்னிரண்டு அடி அளவான பழைய காம்பராவில், புகைபோக வழியின்றி, அவ்விறகு எரிகின்றது. அதன் புகையும் எந்தக் கணக்கேட்டிலும் செலவாகப் பதியப்படவில்லை.

8

மேற்கூறியவற்றிலிருந்து பெறப்படுவன இவை. மலையகத்தில் மரத்தின் விலை இயற்கையான பற்றாக்குறையின் விளைவன்று. காட்டை விலையின்றி எரித்த ஒரு பொருளாதாரம் தானே உண்டாக்கிக்கொண்ட பற்றாக்குறையின் விளைவு. அவ்விலை எண்ணெய்ச் சந்தையோடு பிணைக்கப்பட்டு, தேயிலை ஏலத்திற் கழிக்க முடியாமல், உழைப்பின்மேலேயே இறங்குகின்றது. விலையுள்ள விறகு மலிவாக இருப்பதற்கும் கூலி தாழ்ந்திருப்பதற்கும் விலையற்ற விறகும் அதனைச் சுமக்கும் பெண்ணுழைப்பும் அடித்தளமாக உள்ளன.

மரச்சில்லு வணிகம் புதுப்பிக்கத்தக்க எரிபொருள் என்ற பெயரால் இன்று போற்றப்படுகின்றது. எண்ணெய் இறக்குமதிக்கு அந்நியச் செலாவணி இன்றித் திண்டாடிய நாட்டுக்கு அது வேண்டாம் என்று எவரும் கூறார். யார் நிலத்தில், யாருடைய மரம், யாருக்குரிய விலை என்பதே வினா. மலைச்சரிவுகளில் எரிமரம் நடும் திட்டங்களில் தொழிலாளர் குடும்பங்களுக்கும் அயற்கிராம விவசாயிகளுக்கும் காணியுரிமையோடு பங்கு வேண்டும். மிலாறும் விழுந்த கொம்பும் பொறுக்கும் வழக்கம், துரையின் தயவாக அன்றி, எழுதப்பட்ட உரிமையாக வேண்டும். சம்பளப் பேச்சுவார்த்தையில் அரிசி, மாவோடு எரிபொருளும் எண்ணப்பட வேண்டும். இவற்றைக் கோருவது தொழிற்சங்கங்களின் கடமை. அக்கோரிக்கைக்கு வேண்டிய கணக்கை, செக்ரோலில் எழுதப்படாத வேலையையும் சேர்த்து, எழுதிக்கொடுப்பது எம்போன்ற ஆய்வாளரின் கடமையாகும்.